கரையில் கிடக்கும் கல்லை அங்கேயே விடுங்கள்: கொலம்பியா ஆற்றோரம் நடக்கப் போகும் தமிழ்க் குடும்பங்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ளவர்களுக்கு வணக்கம்.

போர்ட்லாந்து, ஹில்ஸ்பரோ, கென்னவிக், ரிச்லாண்ட், வெனாட்சி, லூயிஸ்டன் என்று கொலம்பியா ஆற்றையும் அதன் பெரிய கிளையான ஸ்னேக் ஆற்றையும் சுற்றிக் குடியிருப்பவர்களுக்கு இதை எழுதுகிறோம். வார இறுதியில் பிள்ளைகளோடு ஆற்றங்கரைக்குப் போகிறீர்கள். தண்ணீர் வடிந்த சேற்றில் பளபளவென்று ஒரு கல், இலை வடிவில், இரண்டு பக்கமும் கூர் தீட்டியபடி கிடக்கும். பிள்ளை எடுத்துக்கொண்டு ஓடிவருவான். "அட, அம்புமுனை! பத்திரமா வச்சுக்கோ" என்று சொல்லிவிடுவது சுலபம். அப்படிச் சொல்லாதீர்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். சட்டம் தடுக்கிறது என்பது ஒரு காரணம். அதைப் பிறகு சொல்கிறோம். முதல் காரணம் வேறு. அந்தக் கல்லைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டியவற்றில் பெரும்பகுதி கல்லில் இல்லை, அது கிடந்த மண்ணில் இருக்கிறது.

முதலில், இவ்வளவு பழைய பொருள்கள் ஏன் சரியாக நாம் நடக்கும் கரையிலேயே தட்டுப்படுகின்றன என்று பார்ப்போம். கொலம்பியாவின் முதன்மை ஓட்டத்தில் மட்டும் 14 அணைகள் இருக்கின்றன. கீழ் ஸ்னேக்கில் இன்னும் நான்கு. போனவில் அணைக்கு மேலே அமெரிக்கப் பகுதியில் ஆறு ஆறாகவே ஓடுவது ஹான்ஃபோர்டு ரீச் எனப்படும் 80 கிலோமீட்டர் அளவுக்குத்தான். மற்றதெல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக வரும் நீர்த்தேக்கங்கள். ஆயிரக்கணக்கான ஆண்டுகள் மக்கள் குடியிருந்தது ஆற்றை ஒட்டிய தாழ்ந்த மேடுகளிலும் கிளையாறு வந்து சேரும் முனைகளிலும்தான். மீன் அங்கே, விறகு அங்கே, குளிர்காற்றுக்கு மறைவும் அங்கே. அணை கட்டியதும் நீர்மட்டம் வந்து நின்றது அந்த மேடுகளின் விளிம்பில். அன்றிலிருந்து அலையும் படகுகள் கிளப்பும் நீரலையும் கரையின் அடியைக் குடைகின்றன. மேல்மண் சரிகிறது. நுண்ணிய வண்டலைத் தண்ணீர் கொண்டுபோய்விட, கனமான கல் மட்டும் அங்கேயே தங்கிவிடுகிறது. நீர்மட்டத்தை ஏற்றி இறக்கும் ஒவ்வொரு முறையும் இது நடக்கிறது. கிராண்ட் கூலி அணைக்குப் பின்னால் உள்ள ரூசவெல்ட் ஏரியில் வசந்தகாலத்தில், வெள்ளத்துக்கு இடம்விட, சில ஆண்டுகளில் 20 மீட்டருக்கும் மேல் இறக்குவார்கள். அப்போது மைல் கணக்கில் பழைய கரை வெளியே வந்துவிடும்.

2014-இல் நடந்ததைச் சொன்னால் விளங்கும். பிப்ரவரி இறுதியில் வானபம் அணையின் ஒரு தூணில் நீருக்கடியில் 65 அடி நீளத்துக்கு விரிசல் கண்டுபிடிக்கப்பட்டது. அழுத்தத்தைக் குறைக்க நீர்த்தேக்கத்தை ஏறத்தாழ 26 அடி இறக்கினார்கள். 1960-களுக்குப் பிறகு வெயிலைப் பார்க்காத கரை திடீரென்று திறந்துகொண்டது. வேடிக்கை பார்க்கப் போனவர்கள் கல்கருவிகளைப் பொறுக்கினார்கள். மனித எலும்புகளும் தென்பட்டன. கடைசியில் கரை முழுவதையும் பொதுமக்களுக்கு மூட வேண்டியதாயிற்று. கெட்ட எண்ணத்தோடு போனவர்கள் அவர்களில் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டவர்களே அதிகம் இருந்திருப்பார்கள்.

இப்போது அந்த ஒரு கல்லுக்கு வருவோம். உங்கள் மகன் கையில் இருப்பது அநேகமாக அம்புமுனையே அல்ல. இந்தப் பள்ளத்தாக்கில் வில் புழக்கத்துக்கு வந்து சுமார் 2,000 ஆண்டுகள்தான் ஆகின்றன. அதற்கு முன் பல்லாயிரம் ஆண்டுகள், எறிகோல் என்ற கொக்கி வைத்த குச்சியில் மாட்டி வீசும் இலகுவான ஈட்டிதான். கட்டைவிரல் நகத்தைவிடச் சற்றே பெரிய, மெல்லிய, அடியில் இரண்டு பக்கமும் வெட்டு விழுந்த முனையென்றால் அது அம்புக்கானது. விரல் நீளத்துக்கு, இரண்டு நுனியும் கூம்பிய இலை வடிவில், பெரும்பாலும் மங்கிய கறுப்புக் கல்லில் செய்தது கஸ்கேட் வகை. சுமார் 9,000 முதல் 5,000 ஆண்டுகள் வரை பழையது. அடியில் அகலமான காம்பு வைத்து, காம்பின் ஓரங்களைத் தேய்த்து மழுக்கியிருந்தால் விண்டஸ்ட் வகை. 10,000 ஆண்டையும் தாண்டும். காம்பை மழுக்கியது எதற்கு? கட்டும் நாண் அறுந்துவிடாமல் இருக்க. விரலால் தடவினாலே அந்த மழுக்கம் தெரியும்.

"வடிவத்தை வைத்தே காலம் தெரிகிறதே, அப்புறம் இடம் எதற்கு" என்று கேட்கலாம். வடிவத்துக்குக் காலம் கிடைத்ததே யாரோ அதே வடிவத்தை மண்ணடுக்குக்குள், அசையாத நிலையில் கண்டதால்தான். இங்கே அதற்கு ஒரு நல்ல அளவுகோலும் உண்டு. தெற்கு ஓரிகானில் இன்று கிரேட்டர் ஏரி இருக்கும் இடத்தில் நின்ற மசாமா என்ற எரிமலை ஏறத்தாழ 7,700 ஆண்டுகளுக்கு முன் வெடித்துச் சிதறியது. அதன் சாம்பல் வடமேற்கு முழுவதும் படிந்தது. கரையின் வெட்டுமுகத்தில் வெளிர்நிறப் பட்டையாகக் கண்ணுக்குத் தெரியும். விரலில் தேய்த்தால் ரவை கலந்த அரிசிமாவு மாதிரி நறநறக்கும். பட்டைக்குக் கீழே இருக்கும் கருவி 7,700 ஆண்டுக்கு முந்தையது, மேலே இருப்பது பிந்தையது. அவ்வளவு எளிது. ஆனால் சாம்பல் மழையில் வழிந்து பள்ளத்தில் மீண்டும் சேரும். எலியும் வளைக்கரடியும் தோண்டிய வளைகளில் மேல்மண் கீழே இறங்கும். அதனால்தான் பட்டை முதலில் படிந்ததா, பின்னால் வழிந்து சேர்ந்ததா என்று நுண்ணோக்கியில் பார்க்கிறார்கள். கரையில் கிடந்த கல்லை எடுத்து ஜிப்லாக் பையில் போட்டுவிட்டால் இந்தக் கேள்வியைக் கேட்கவே வழியில்லை.

அலை அரித்த கரையில் 9,000 ஆண்டுப் பொருளும் 500 ஆண்டுப் பொருளும் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கும் என்பது உண்மைதான். "அப்படியென்றால் ஏற்கெனவே கலைந்துபோனதுதானே" என்று வாதாடுபவர்கள் உண்டு. பாதி சரி. உயரத்தில் உள்ள ஒழுங்கு போயிருக்கும். கிடைமட்டத்தில் உள்ள ஒழுங்கு பெரும்பாலும் மிஞ்சியிருக்கும். ஓரிடத்தில் சில்லுகள் குவிந்திருந்தால் அங்கே யாரோ உட்கார்ந்து கல் செதுக்கினார்கள். இன்னோரிடத்தில் ஓரத்தில் வெட்டு விழுந்த தட்டையான கூழாங்கற்கள் இருந்தால் வலைக்குக் கட்டிய எடைகள். வலை உலர்ந்த இடம் அது. நெருப்பில் சுட்டுத் தண்ணீரில் போட்டதால் கோணல்மாணலாக வெடித்த செம்பழுப்புக் கற்கள் கிடந்தால் சமையல் நடந்த இடம். இவற்றில் யாரும் வீட்டுக்கு எடுத்துப் போவது அம்புமுனையை மட்டும்தான். அதனால் இருபது ஆண்டு கழித்து ஆய்வாளர் வரும்போது வேட்டைக் கருவியே இல்லாத ஊராக அது தெரிகிறது. கணக்கே தப்பாகிவிடுகிறது.

இந்தப் பள்ளத்தாக்கின் கதையே பல முறை இடத்தால் தீர்மானிக்கப்பட்டது. பனியுகத்தின் இறுதியில் மிசூலா என்ற பனியணை ஏரி திரும்பத் திரும்ப உடைந்து, பெருவெள்ளங்கள் கிழக்கு வாஷிங்டனைச் சுரண்டிக்கொண்டு கொலம்பியா வழியாகக் கடலுக்குப் பாய்ந்தன. ஜே. ஹார்லன் பிரெட்ஸ் 1923-இல் இதைச் சொன்னபோது புவியியலாளர்கள் பல ஆண்டுகள் ஏற்கவில்லை. அந்த வெள்ளம் போன வழியில் அதற்கு முந்தைய மனிதத் தடயத்தைத் தாழ்வான கரையில் தேடிப் பயனில்லை. அடித்துப் போயிருக்கும், இல்லையென்றால் பல மீட்டர் வண்டலுக்கு அடியில் இருக்கும். ஸ்னேக்கில் கலக்கும் சால்மன் ஆற்றங்கரையில், ஐடஹோவின் கூப்பர்ஸ் ஃபெரியில், ஓரிகான் மாநிலப் பல்கலைக்கழகத்தின் லோரன் டேவிஸ் குழு தோண்டியபோது அடுப்பு, எலும்பு, கல்கருவி எல்லாம் கிடைத்தன. 2019-இல் அவர்கள் வெளியிட்ட காலம் ஏறத்தாழ 16,000 ஆண்டு. நெஸ் பெர்ஸ் மக்கள் நிபேஹே என்று அழைக்கும் பழைய ஊர் அது. அங்கே கிடைத்த காம்பு வைத்த முனைகள் ஏதோ சேற்றுக் கரையில் பொறுக்கிய பெட்டியில் இருந்திருந்தால், 16,000 என்ற எண்ணைச் சொல்ல யாருக்கும் துணிவு வந்திருக்காது.

வெனாட்சிக்குக் கிழக்கே, 1987-இல் ஓர் ஆப்பிள் தோட்டத்தில் நீர்க்குழாய்க்குப் பள்ளம் தோண்டியபோது குளோவிஸ் எனப்படும், சுமார் 13,000 ஆண்டுக்கு முந்தைய கல் ஈட்டிமுனைகள் வெளிவந்தன. சிலது 23 செ.மீ. நீளம், வேட்டைக்கு ஆகாத அளவு பெரிது. அவை எல்லாம் ஒரே குவியலாக வைக்கப்பட்டிருந்ததும், அடியில் கிளேசியர் பீக் எரிமலையின் சாம்பல் இருந்ததும்தான் அதன் சிறப்பு. ஒவ்வொரு முனையையும் தனித்தனியாக ஏலத்தில் பார்த்திருந்தால் "பெரிய கல்" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை சொல்ல முடியாது.

கென்னவிக்கில் நடந்ததை இந்த ஊர்க்காரர்கள் எல்லோரும் கேள்விப்பட்டிருப்பீர்கள். 1996 ஜூலை 28. கொலம்பியா பார்க்கில் படகுப் பந்தயம் பார்க்க வந்த இரண்டு கல்லூரி மாணவர்கள் ஆழமில்லாத நீரில் ஒரு மண்டையோட்டை மிதித்தார்கள். அதைப் புதரில் மறைத்து வைத்துவிட்டுப் பந்தயத்தை முழுசாகப் பார்த்த பிறகுதான் போலீசிடம் சொன்னார்கள் என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். சொன்னார்களே, அது பெரிது. அந்த மனிதர் ஏறத்தாழ 8,500 ஆண்டுக்கு முந்தையவர். இடுப்பெலும்பில் கஸ்கேட் வகை ஈட்டிமுனை ஒன்று புதைந்து, அதைச் சுற்றி எலும்பு ஆறியிருந்தது. ஆனால் எலும்புகள் கரையிலிருந்து ஏற்கெனவே கழுவிக்கொண்டு வந்துவிட்டதால், எந்த அடுக்கிலிருந்து விழுந்தன என்பதை எலும்பில் ஒட்டிய மண்ணையும் கரையின் மண்ணையும் ஒப்பிட்டுத்தான் ஊகிக்க வேண்டியிருந்தது. மல்லாந்து படுக்கவைத்துப் புதைத்தார்கள் என்பதுகூட எலும்பின் எந்தப் பக்கம் சுண்ணப் பொருக்கு படிந்திருந்தது என்பதை வைத்துச் சொன்னது. 1998-இல் அந்தக் கரைமேல், அந்த நிலத்தை நிர்வகிக்கும் அமெரிக்க ராணுவப் பொறியாளர் படை கல்லும் மண்ணும் கொட்டி மூடிவிட்டது. மூடியது சரியா தவறா என்பதில் இன்றும் இரண்டு கட்சி. எங்கள் கணிப்பில், அரிப்பைத் தடுக்க மூடியது நியாயம். மண்ணை முழுதாகப் படித்து முடிக்குமுன் மூடியது அநியாயம்.

காலக்கணிப்பிலும் அங்கே ஒரு சிக்கல். சால்மன் கடலில் வளர்ந்து ஆற்றுக்கு வரும் மீன். கடல்நீரில் உள்ள கரிமம் பழையது. வாழ்நாளெல்லாம் சால்மன் தின்றவரின் எலும்பை ரேடியோகார்பன் எனும் கரிமமுறையில் அளந்தால் உண்மையைவிட மூத்தவராகக் காட்டும். உணவில் மீன் எவ்வளவு என்று எலும்பில் உள்ள கரிம, நைட்ரஜன் ஐசோடோப்பு விகிதங்களை வைத்துக் கணக்கிட்டுக் கழிக்க வேண்டும். "லேபில் கொடுத்தால் வயது வந்துவிடும்" என்று நினைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறோம்.

அந்த மனிதர் யாருடைய முன்னோர் என்று நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் வழக்கு நடந்தது. 2015-இல் எஸ்கே வில்லர்ஸ்லவ் குழு மரபணுவைப் படித்து, இன்றைய அமெரிக்கத் தொல்குடிகளோடுதான் நெருக்கம் என்று வெளியிட்டது. பழங்குடியினர் தொடக்கத்திலிருந்தே சொன்னது அதைத்தான். 2017 பிப்ரவரியில் உமடில்லா, யாகிமா, நெஸ் பெர்ஸ், கால்வில், வானபம் மக்கள் சேர்ந்து அவரை மறுபடியும் மண்ணில் அடக்கம் செய்தார்கள். இதை ஏன் இங்கே இழுக்கிறோம் என்றால், பிள்ளைகளுக்குச் சொல்லும்போது "முன்னொரு காலத்தில் இங்கே இந்தியர்கள் இருந்தார்கள்" என்று சொல்லிப் பழகிவிட்டோம். இருந்தார்கள் இல்லை, இருக்கிறார்கள். 1855 உடன்படிக்கைகளில் எழுதிக்கொண்ட மீன்பிடி உரிமையோடு இன்றும் அதே ஆற்றில் சால்மன் பிடிக்கிறார்கள். நீங்கள் எடுக்கும் கல் அவர்கள் தாத்தா வீட்டுச் சாமான்.

மார்ம்ஸ் குகையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லாமல் தீராது. ஸ்னேக்கில் பலூஸ் ஆறு சேரும் இடத்துக்குப் பக்கத்தில், பாறை ஒதுக்கு ஒன்று. 1962 முதல் வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகத்தின் ரிச்சர்ட் டாகர்ட்டியும் புவியியலாளர் ரோல்டு ஃப்ரிக்ஸலும் தோண்டினார்கள். அப்பல்லோ கொண்டுவந்த நிலவு மண்ணை ஆராய்ந்தவர்களில் ஃப்ரிக்ஸலும் ஒருவர். அடுக்கடுக்காக மண்ணைப் படிப்பதில் அப்படி ஒரு கை. குகைக்குள் மட்டும் நிற்காமல், அதன் முன்னால் இருந்த வெள்ளச் சமவெளியில் 1965-இல் ஒரு நீள்பள்ளம் வெட்டியபோது எலும்புத் துண்டுகள் தலைகாட்டின. அவை 10,000 ஆண்டுக்குக் குறையாத மனித எலும்புகள் என்று 1968-இல் அறிவித்தார்கள். அன்றைக்கு அது பெரிய செய்தி. நூலிழை அளவு மெல்லிய எலும்பு ஊசிகள், பசிபிக் கடற்கரையிலிருந்து வந்த ஒலிவெல்லா சோழிமணிகள், இதெல்லாம் அங்கே கிடைத்தன. கடல் அங்கிருந்து நூற்றுக்கணக்கான கிலோமீட்டர்.

ஊசியையும் மணியையும் பற்றி ஒன்று. தோண்டிய மண்ணை வழக்கமாக 6 மி.மீ. கண் உள்ள சல்லடையில் சலிப்பார்கள். நேரம் மிச்சம். ஆனால் ஊசிமுனையும் சிறுமணியும் சின்ன மீன் முள்ளும் அதில் நின்றுவிடாது, 3 மி.மீ. கண், சில சமயம் தண்ணீரில் அலசி 1 மி.மீ. வரை போக வேண்டும். அணை கட்டுமுன் அவசரமாகத் தோண்டிய பல இடங்களின் அறிக்கையில் "மீன் குறைவு" என்று எழுதியிருந்தால், மீன் குறைவா சல்லடைக் கண் பெரிதா என்று முதலில் கேட்க வேண்டும். ஓரிகானின் டாலஸ் (The Dalles) ஊர்ப் பக்கம் ஃபைவ் மைல் ரேபிட்ஸில் லூதர் கிரெஸ்மன் 1950-களில் தோண்டியபோது சால்மன் முதுகெலும்பு லட்சத்துக்கும் மேல் கிடைத்தது. ஏறத்தாழ 9,000 ஆண்டுக்கு முன்பே அங்கே மீன்பிடிப்பு அந்த அளவில் நடந்தது என்ற முடிவுக்கு அது ஆதாரம்.

மார்ம்ஸுக்கு என்ன ஆனது? லோயர் மானுமெண்டல் அணை தயாராகிக்கொண்டிருந்தது. இடத்தைக் காப்பாற்ற, குகையைச் சுற்றி ராணுவப் பொறியாளர் படை ஒரு தடுப்பணை கட்டியது. 1969 பிப்ரவரியில் அணையை மூடியதும் வெளியே நீர் ஏற, உள்ளேயும் ஏறத் தொடங்கியது. தடுப்பணையின் அடியில் இருந்த சரளைக்கல் படுகை வழியாகத் தண்ணீர் ஊறி வந்தது. பம்புகளால் ஈடுகொடுக்க முடியவில்லை. தோண்டிய முகங்களைப் பிளாஸ்டிக் விரிப்பால் போர்த்தி மணலும் சரளையும் கொட்டிவிட்டு வெளியேறினார்கள். இன்று அது நீருக்கடியில். ஆற்றோரம் எதைக் கட்டினாலும் அடியில் என்ன மண் என்று பாருங்கள் என்பதற்கு இதைவிட விலை அதிகமான பாடம் வேண்டியதில்லை. கரையில் நீங்கள் காண்பது பெரும்பாலும் இப்படித் தோண்டப்படாமலே மூழ்கிய இடங்களின் மிச்சம்.

சரி, கல் தென்பட்டால் என்ன செய்வது?

கையை எடுங்கள், போனை எடுங்கள். கல்லை நகர்த்தாமல் நேர் மேலிருந்து ஒரு போட்டோ. பக்கத்தில் அளவுக்கு ஏதாவது வையுங்கள். குவார்ட்டர் நாணயம் 24 மி.மீ., டாலர் நோட்டு 156 மி.மீ. நீளம், இரண்டும் பையில் இருக்கும். அடுத்தது, மூன்று நான்கு அடி பின்னால் போய்ச் சுற்றியுள்ள மண்ணும் தெரிய ஒன்று. மூன்றாவது, இன்னும் தள்ளி நின்று, பின்னணியில் பாறைமுகடோ பாலமோ மின்கோபுரமோ தெரிய ஒன்று. அந்த மூன்றாவது போட்டோவைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள். செங்குத்தான பசால்ட் பாறைச் சுவர்களுக்கு இடையில் போனின் ஜிபிஎஸ் பல மீட்டர் தள்ளிக் காட்டும். அப்போது முகட்டின் வடிவத்தை வைத்துத்தான் இடத்தைத் திரும்பக் கண்டுபிடிப்பார்கள். கரையின் வெட்டுமுகத்தில் கல் நீட்டிக்கொண்டிருந்தால் அதன் மேலும் கீழும் உள்ள பட்டைகள் முழுவதும் வரும்படி எடுங்கள். வெட்டுமுகத்துக்கு அடியில் நிற்காதீர்கள். அலை குடைந்த கரை சொல்லாமல் சரியும்.

கல்லைத் தண்ணீரில் கழுவக் கூடாது. விளிம்பில் மாவுப்பொருளோ ரத்தத்தின் மிச்சமோ ஒட்டியிருக்கலாம். பல்துலக்கும் பிரஷ்ஷால் தேய்த்தால் அது போய்விடும். கரித்துண்டு தென்பட்டால் தொடவே கூடாது. கை எண்ணெயும் திசுத்தாளின் இழையும் கலந்தால் கரிமக் கணக்கு கெடும். ஆய்வாளர்கள் அதைக் கருவியால் எடுத்து அலுமினியத் தாளில் மடிப்பார்கள். கறுப்புக் கண்ணாடி போன்ற அப்சிடியனில் ஓர் ஊடுகதிர்ச் சோதனை செய்தால் எந்த எரிமலையிலிருந்து வந்த கல் என்று தெரிந்துவிடும், கல்லுக்கும் சேதமில்லை. கொலம்பியாவில் கிடைக்கும் அப்சிடியன் பெரும்பாலும் வெகுதூரத்திலிருந்து கைமாறி வந்தது. எங்கே கிடந்தது என்று தெரியாத அப்சிடியனுக்கு அந்தச் சோதனை செய்து பயனில்லை; புறப்பட்ட ஊர் தெரியும், வந்து சேர்ந்த ஊர் தெரியாது.

போட்டோக்களை வாட்ஸ்அப் குழுவில் போடாதீர்கள், இன்ஸ்டாவில் இடத்தோடு போடவே போடாதீர்கள். தொல்லியல் இடங்களின் துல்லியமான அமைவிடத்தை அரசே பொதுமக்களுக்குக் காட்டுவதில்லை. திருடர்கள் இரவில் டார்ச்சோடு வருவது இப்படிப்பட்ட போட்டோக்களைப் பார்த்துத்தான். அந்த நிலத்தை நிர்வகிக்கும் அலுவலகத்துக்கு மட்டும் அனுப்புங்கள். யார் நிர்வாகம் என்று நுழைவாயில் பலகையில் இருக்கும். தெரியவில்லை என்றால் வாஷிங்டனில் மாநிலத் தொல்லியல், வரலாற்றுப் பாதுகாப்புத் துறைக்கும், ஓரிகானிலும் ஐடஹோவிலும் மாநில வரலாற்றுப் பாதுகாப்பு அலுவலகத்துக்கும் எழுதினால் போதும். சரியான இடத்துக்கு அவர்களே அனுப்புவார்கள்.

எலும்பு என்றால் நடைமுறையே வேறு. மானா மனிதனா என்று நீங்கள் சோதிக்க வேண்டாம். போட்டோகூட வேண்டாம், தங்கள் முன்னோர் எலும்பைப் படமெடுப்பதைப் பழங்குடியினர் விரும்புவதில்லை. பிள்ளைகளைத் தள்ளி நிறுத்துங்கள், இடத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், உடனே போலீசைக் கூப்பிடுங்கள். வாஷிங்டனில் மனித எலும்பைக் கண்டவர் போலீசுக்கும் மாவட்ட மரண விசாரணை அதிகாரிக்கும் தெரிவிப்பது சட்டப்படி கடமை. குற்றம் சம்பந்தப்பட்டதா இல்லையா என்று தீர்மானிக்க அந்த அதிகாரிக்கு 5 வேலைநாள் உண்டு. இல்லையென்றால் மாநில மானுடவியலாளர் பார்த்துப் பழங்குடியினருக்குச் சொல்வார்.

இனி சட்டம். இணையத்தில் தேடினால் "தரைமேல் கிடக்கும் அம்புமுனைக்குத் தண்டனை இல்லை" என்று ஒரு வரி கண்ணில் படும். அது பொய்யில்லை, ஆனால் அரைகுறை. 1979-ஆம் ஆண்டின் கூட்டாட்சித் தொல்பொருள் பாதுகாப்புச் சட்டம், கூட்டாட்சி நிலத்திலும் பழங்குடி நிலத்திலும் 100 ஆண்டைத் தாண்டிய தொல்பொருளை அனுமதியின்றி எடுப்பதைத் தடுக்கிறது. முதல் முறைக்கே 10,000 டாலர் வரை அபராதம், ஓராண்டு வரை சிறை. பொருளின் மதிப்பும் இடத்தைச் சீராக்கும் செலவும் சேர்த்து 500 டாலரைத் தாண்டினால் 20,000 டாலர், இரண்டாண்டு. சீராக்கும் செலவைச் சேர்ப்பதால் 500-ஐத் தாண்ட ஒரு சின்னக் குழி போதும். தரைமேல் கிடக்கும் அம்புமுனைக்கு அந்தச் சட்டத்தின் தண்டனைப் பிரிவில் விலக்கு உண்டு. ஆனால் சுரண்டு கல்லுக்கும் வலை எடைக்கும் விலக்கில்லை. அதைவிட முக்கியம், ராணுவப் பொறியாளர் படையின் நிலத்திலும் தேசியப் பூங்காத் துறையின் நிலத்திலும் தனி விதிமுறைகள் எதையும் எடுக்கத் தடைபோடுகின்றன. கொலம்பியா, ஸ்னேக் கரையில் பெரும்பகுதி இப்படிப்பட்ட நிலம்தான். வாஷிங்டனில் தனியார் நிலத்திலும்கூட, தெரிந்த தொல்லியல் இடத்தைத் தோண்ட மாநில அனுமதி வேண்டும். கல்லறையைக் கலைப்பது கடுங்குற்றம். விசாவிலோ கிரீன் கார்டு வரிசையிலோ இருப்பவர்கள் இன்னொன்றையும் நினைத்துக்கொள்ளுங்கள்: குடியேற்றப் படிவங்களில் கைது, தண்டனை பற்றிய கேள்வி உண்டு.

பாறையோவியங்களைப் பற்றிச் சுருக்கமாக. வரைந்த கோடு தெளிவாகத் தெரியட்டும் என்று சாக்பீஸ் தேய்ப்பது, தண்ணீர் தெளிப்பது, தாள் வைத்துத் தேய்த்துப் படி எடுப்பது எதுவும் வேண்டாம். கொலம்பியா ஹில்ஸ் பூங்காவில் "பார்த்துக்கொண்டிருப்பவள்" எனப்படும் த்சகக்லலால் உருவத்துக்கு இன்று வழிகாட்டியோடுதான் போக முடியும். முன்பு வந்தவர்கள் கைவரிசை காட்டியதால் வந்த ஏற்பாடு அது. மலைமுகட்டில் அடுக்கிவைத்த கற்குவியலைக் கலைக்கவும் வேண்டாம், நாமும் ஒன்று அடுக்கிவிட்டு வரவும் வேண்டாம். பாறைச் சரிவில் ஆள் உட்காரும் அளவுக்குக் குழிகள் இருந்தால் அவை மீன், கிழங்கு சேமித்த இடங்களாகவோ வழிபாட்டு இடங்களாகவோ இருக்கலாம். உள்ளே இறங்கி செல்ஃபி எடுக்காதீர்கள்.

பிள்ளைகள் ஆசையோடு கேட்பதற்கு "தொடாதே" என்று மட்டும் சொல்லி அடக்க முடியாது என்பது எங்களுக்கும் தெரியும். பென்டில்டன் அருகே உமடில்லா மக்களே நடத்தும் டமாஸ்ட்ஸ்லிக்ட் அருங்காட்சியகம், பிரீஸ்ட் ரேபிட்ஸ் பக்கம் வானபம் பாரம்பரிய மையம், டாலஸில் கொலம்பியா கார்ஜ் டிஸ்கவரி சென்டர், இவை ஒவ்வொன்றும் ஒரு நாள் பயணம். 1957 மார்ச் 10-இல் டாலஸ் அணை மூடிய சில மணி நேரத்தில் மூழ்கிய செலிலோ அருவியின் படங்களை அங்கே காட்டுங்கள். கரையிலும் செய்ய வேலை இருக்கிறது: வெட்டுமுகத்தில் சாம்பல் பட்டை எங்கே என்று கண்டுபிடிக்கச் சொல்லுங்கள், எத்தனை பட்டை என்று எண்ணி வரையச் சொல்லுங்கள். எதையும் எடுக்காமல் செய்யக்கூடிய தொல்லியல் அதுதான். தொழிலாகச் செய்பவர்களும் நாளில் பாதி நேரம் அதைத்தான் செய்கிறார்கள்.

கடைசியாக, வீட்டில் ஏற்கெனவே ஒரு ஷூ பெட்டியில் நாலைந்து முனைகள் வைத்திருப்பவர்களுக்கு. அவசரப்பட்டு ஆற்றங்கரையில் கொண்டுபோய்ப் போட்டுவிடாதீர்கள். எங்கிருந்தோ எடுத்ததை வேறெங்கோ போட்டால், அடுத்து வருபவருக்கு அது பொய்ச்சாட்சி. கழுவாமல், ஒட்டாமல், பெயின்ட் பூசாமல் ஒவ்வொன்றையும் தனித்தனிப் பையில் போடுங்கள். எந்தக் கரை, எந்த ஆண்டு, தண்ணீருக்கு எவ்வளவு அருகில், பக்கத்தில் என்ன இருந்தது என்று நினைவில் உள்ளதை இன்றைக்கே எழுதிப் பையோடு வையுங்கள்; கூகுள் மேப்பில் புள்ளி வைத்துப் படமெடுத்துச் சேருங்கள். பழைய போட்டோ ஏதாவது போனில் இருந்தால் அழிக்காதீர்கள், அதில் தேதியும் இடமும் பதிவாகியிருக்கும். எடுத்தது கூட்டாட்சி நிலம் என்று சந்தேகம் இருந்தால் முதலில் ஒரு வழக்கறிஞரிடம் ஐந்து நிமிடம் பேசுங்கள். பிறகு அந்தப் பகுதிப் பழங்குடியின் பண்பாட்டுப் பாதுகாப்பு அலுவலகத்துக்கோ மேலே சொன்ன மாநில அலுவலகத்துக்கோ ஒரு மின்னஞ்சல் எழுதுங்கள். எப்படித் திருப்பித் தருவது, எங்கே கொண்டுவருவது என்று அவர்கள் சொல்வார்கள்.

இப்படிக்கு,
கொலம்பியாப் பள்ளத்தாக்கின் தொல்லியலோடு பழகும் சிலர்